அடக்கி வைத்த நீர்

என் குரல் இப்போது ஆரணிக் கடைத்தெருவில் சூரணம் விற்கிறது. பட்டுக் கடைகள் கதவு திறக்கும் நேரத்தில் ஓர் ஆட்டோ மெதுவாக ஊர்ந்து வரும். அதன் கூரைமேல் கட்டிய ஒலிபெருக்கியில் முதலில் நான் பாடுவேன். இந்த உடம்பை இறைவன் வந்து குடியேறும் இடமாகக் கண்ட ஒரு பழம் பதிகத்தின் முதல் பாட்டு அது. சிறு வயதில் பாடம் செய்து, இன்றுவரை சந்நிதியில் ஓதி வருகிறேன். அதன் ஈற்றடி முடிவதற்குள் வேறொரு குரல் குறுக்கே நுழைந்து, ஆண்களே, உங்களுக்குச் சோர்வா, நரம்புத் தளர்ச்சியா, இல்லறத்தில் நாட்டம் இல்லையா என்று கேட்கும். அடுத்து மையத்தின் முகவரி வரும். முகவரி முடிந்ததும் மறுபடியும் நான் பாடுவேன். கடைத்தெரு முடிந்தால் களம்பூர் சாலை. அங்கே நெல் லாரிகளின் இரைச்சலுக்கு நடுவிலும் நான் பாடிக்கொண்டே போகிறேன்.

அடியாருக்குச் சினம் ஆகாது என்று அறிவேன். தணிந்த பிறகு எழுதலாம் என்று காத்திருந்தும் பார்த்தேன். தணியவில்லை. ஆகவே சினத்தோடேயே எழுதுகிறேன்.

நான் அஞ்சலகத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். மாலை வேளைகளில் சிவன் கோயில் மண்டபத்தில் என்னைப் போன்ற கிழவர்கள் சிலர் கூடிப் பதிகம் ஓதுகிறோம். எடுத்த பதிகம் நிறைவுறும் வரை யாரும் இடத்தை விட்டு எழக்கூடாது என்பது எங்கள் வழக்கம். எங்களுக்கு முன்பு அங்கே ஓதியவர்கள் அப்படி இருந்தார்கள். ஏன் என்று நாங்கள் கேட்டதில்லை. அந்த மண்டபத்துக்குத்தான் ஒரு மாலையில், மடிப்புக் கலையாத சட்டையும் நெற்றி நிறையத் திருநீறுமாக ஒருவர் வந்தார். புதிதாகத் தொடங்கவிருக்கும் ஆண்கள் நல மையத்தின் மேலாளர் என்று தம்மைச் சொல்லிக்கொண்டார்.

“ஐயா, நம்ம ஊர்ல ஆம்பளைங்க உடம்ப கவனிக்கிறதே இல்லீங்க. குடும்பம் குடும்பம்னு ஓடிகினே இருந்துட்டு ஒருநாளு படுத்துடுறாங்க. உங்க குழு வந்து ரெண்டு பாட்டு பாடித் தொறந்து வெச்சீங்கனா நல்லா இருக்கும்.”

“டாக்டர் இருப்பாரா?” என்று கேட்டேன்.

“எல்லாமே இருக்குதுங்க ஐயா.”

அவர் சொன்னதில் முதல் பாதி உண்மை என்பதால் பின்பாதியையும் நம்பினேன். இந்த ஊரில் ஆணின் உடல்நலத்தைப் பற்றிப் பேசும் எழுத்து எங்கே இருக்கிறது என்று தேடிப் பாருங்கள். பேருந்து நிலையக் கழிப்பறைச் சுவரில் இருக்கிறது. மின்கம்பங்களில் இருக்கிறது. இன்ன தேதியில் இன்ன லாட்ஜில் இன்ன அறையில் வைத்தியர் வருகிறார், ரகசியம் காக்கப்படும் என்று அது சொல்லும். பெண்ணுக்காவது கிராமச் செவிலியர் வீடு தேடி வருகிறார். அந்தக் கவனிப்பு போதுமா என்பது வேறு வழக்கு. ஆணைத் தேடி யாரும் வருவதில்லை. வருகிறவனும் அவனிடம் ஒன்றே ஒன்றைத்தான் தேடி வருகிறான். ஆணுக்கு இதயமும் ஈரலும் சிறுநீரகமும் கிடையாது, இருப்பதெல்லாம் ஒரே ஓர் உறுப்புத்தான் என்பது அவர்களுடைய சாத்திரம். ஆகவே ஆண்களின் ஆரோக்கியம் என்ற சொல்லை ஒருவர் கோயில் மண்டபத்தில் வந்து வெளிப்படையாகச் சொன்னபோது எனக்கு மகிழ்ச்சியாகவே இருந்தது.

திறப்பு விழாவுக்குப் போனோம். குளிரூட்டிய கூடம், முதுகைப் பிசைந்துவிடும் நாற்காலிகள், சூடேறும் படுக்கைகள், சுவர் முழுவதும் கண்ணாடி. சீருடை அணிந்த பெண்கள் ஏதோ தழையின் மணம் வீசும் தேநீர் கொடுத்தார்கள். நாங்கள் தரையில் அமர்ந்து அந்தப் பதிகத்தை ஓதினோம்; முதல் பாட்டை நான் தனியே பாடினேன். யாரோ கைபேசியைத் தூக்கிப் பிடித்து வீடியோ எடுத்தார். விழா நினைவுக்காக எடுக்கிறார் என்று எண்ணிக்கொண்டேன். மருத்துவர் யாரையும் அங்கே காணவில்லை. தொடக்க நாள்தானே, பிறகு வருவார் என்று அதற்கும் நானே ஒரு காரணம் கற்பித்துக்கொண்டேன்.

இனி என் நண்பரைப் பற்றிச் சொல்ல வேண்டும். ஓதும்போது எனக்கு வலப்புறம் அமர்கிறவர். முள்ளிப்பட்டில் சொந்த வீட்டில் தறி போட்டுப் பட்டு நெய்கிறார். தறிக்குழியில் கால்களைத் தொங்கவிட்டு விடிந்தது முதல் வெயில் சாயும்வரை உட்கார்ந்த உடம்பு. அவர் குரலில் ஒரு கரகரப்பு உண்டு. மேல் ஸ்தாயியில் அது விலகி, உள்ளே இருந்து வேறொருவர் பாடுவதுபோல் தெளியும். அதைக் கேட்கவே நான் சில பதிகங்களைச் சற்று உயர்த்தி எடுப்பதுண்டு.

சில மாதங்களாக அவர் என் பக்கத்தை விட்டு மண்டபத்தின் ஓரத்துத் தூணருகே அமரத் தொடங்கியிருந்தார். ஒரு பதிகம் முடிந்து அடுத்தது எடுப்பதற்குள் வெளியே போய் வருவார். திரும்பியதும் மறுபடி போவார். எங்கள் குழுவில் ஒரு மளிகைக்காரர் உண்டு. அவர் வாய் சும்மா இருக்காது.

“இன்னாபா, குழாய்க்கு வாசர் போயிடுச்சா?”

“சூடு பா,” என்றார் நண்பர். “நாளெல்லாம் தறில குந்திகினே இருந்தா சூடு ஏறாம இன்னா பண்ணும்.”

அவ்வளவுதான். எல்லோரும் ஒரே குரலில் வைத்தியர்கள் ஆனார்கள். கால் கட்டைவிரலில் விளக்கெண்ணெய் வை என்றார் ஒருவர். தொப்புளில் வை என்றார் இன்னொருவர். வெந்தயம் ஊறவைத்த தண்ணீர் என்றார் மளிகைக்காரர். அது அவர் கடையிலேயே கிடைக்கும். எங்கள் ஊர் ஆண்களுக்கு வரும் வியாதி ஒன்றுதான். கண் எரிந்தால் சூடு, காலில் நரம்பு புடைத்தால் சூடு, நீர் எரிச்சலோடு போனாலும் சூடு, போகாமல் நின்றாலும் சூடு. அதை அப்படியே மனப்பாடம் செய்துகொண்டு வந்திருந்தவர்கள்தாம் மையத்துக்காரர்கள்.

நவராத்திரி நெருங்கிக்கொண்டிருந்தது. அம்பாளுக்குச் சாத்தும் பட்டுப் புடவையை ஆண்டுதோறும் நெய்து கொடுப்பவர் நண்பர்தான். அதற்கென்று அவர் வீட்டில் ஒரு நேமம் உண்டு. தலைக்குக் குளித்துவிட்டுத் தறியில் உட்காருவார். நடுவே ஒருமுறை சிறுநீர் கழிக்க எழுந்தாலும், மறுபடி தலைக்குக் குளித்த பிறகே தறியைத் தொடுவார். அவருடைய தந்தையும் அப்படித்தான் நெய்தாராம். அடிக்கடி எழ வேண்டிய நிலையில் இருக்கும் ஒருவருக்கு அந்த நேமம் என்ன செய்யும் என்பதை நான் எண்ணிப் பார்த்திருக்கவில்லை. அவரே ஒரு மாலையில், ஓதி முடித்துக் கோயில் குளக்கரையில் நின்றபோது, தண்ணீரைப் பார்த்தபடியே சொன்னார்.

“தோட்டத்துக் கக்கூசுக்கு அடுப்பங்கரைய தாண்டித்தான் போவணும். மருமவ அங்கயே நின்னுகினு இருக்கும். எத்தினி வாட்டிபா அத தாண்டிப் போறது. அதனால ஒரு பாட்டில தறிக்குழிலயே வெச்சிகினு இருந்தேன்.”

“வீட்ல தெரியுமா?”

“யாருக்கும் தெரியாது. குழில குந்திகினா இடுப்புக்குக் கீழ யாருக்குத் தெரியப் போவுது. அம்பாளு பட்ட தறில ஏத்துனதும் அதத் தூக்கிப் போட்டுட்டேன். அவ பட்டாண்ட அத வெச்சிக்க முடியுமா?”

“அப்ப இன்னா பண்ற?”

“அடக்கிக்கிறேன்.”

 மருத்துவரைப் பார்த்தாயா என்று கேட்டேன்.

“மையத்துல சேந்துட்டேன்பா. நாடி புடிச்சிப் பாத்தாங்க. சூடும் நரம்புத் தளர்ச்சியும்னு சொல்லி, பொடி, இடுப்புல கட்டிக்க பெல்ட்டு, ஒரு சொம்பு மூலிகைத் தண்ணி, அத மத்தியானத்துக்குள்ள குடிச்சிடணும்.” என் முகத்தைப் பார்த்து என்ன தோன்றியதோ, சமாதானமாகச் சேர்த்துக்கொண்டார். “உன் பாட்டத்தான போட்டுகினு வர்றாங்க ஆட்டோல. நீயே சொல்றா மாதிரிதான?”

ஆட்டோவைப் பற்றி நான் அறிந்தது அப்போதுதான். மறுநாள் காலையில் கடைத்தெருவில் போய் நின்றேன். ஒலிபெருக்கியில் என் குரலையே கேட்டேன்.

அந்தப் பாட்டை அருளியவர் உடம்பைப் போற்றினார். அவர் போற்றியது, அதனுள் ஒருவன் வந்து தங்குவான் என்பதால். தங்க வருபவனுக்காக வீட்டைப் பெருக்கி வைப்பதுபோல உடம்பை வைத்துக்கொள்ளச் சொன்னார். அதே மரபில் வேறு சிலர் இதைப் புழுக்கூடு என்றும் ஓட்டைப் பாண்டம் என்றும் இகழ்ந்து பாடியிருக்கிறார்கள். இரு திறத்தாரும் உடம்பை உள்ளது உள்ளபடி பார்த்தவர்கள். அதன் மலத்தையும் நீரையும் சீழையும் கோழையையும் பாட்டில் பெயர் சொல்லி அழைக்க அவர்கள் கூசவில்லை. கூசுகிறவர்கள் யார் என்பதைக் கடைத்தெருவிலிருந்து நேரே மையத்துக்குப் போனபோது தெரிந்துகொண்டேன்.

“என் பாட்ட எடுத்துடுங்க,” என்றேன் மேலாளரிடம். “இன்னிக்கே.”

“ஐயா கோச்சிக்காதீங்க. மொதல்ல உக்காருங்க. உங்க வாய்சுக்கு அவ்ளோ ரெஸ்பான்ஸ்ங்க. பக்தியான குரலு, ஜனங்க நம்பி வர்றாங்க. உங்களுக்கு ஆயுள் மெம்பர்ஷிப்பே போட்டுத் தந்துடுறோம்.”

“முள்ளிப்பட்டுலேர்ந்து ஒரு தறிக்காரர் வர்றாரே, அவருக்கு இன்னா வியாதி?”

“ஜெனரல் வீக்னஸ்ங்க. வயசாச்சு இல்லீங்களா.”

“மூத்திரம் சரியா போவுதான்னு அவர கேட்டீங்களா?”

அவர் பதறித் திரும்பி, தேநீர் கொடுக்கும் பெண்கள் காதில் விழுந்ததா என்று பார்த்தார். பிறகு குரலைத் தாழ்த்திச் சொன்னார்: “ஐயா, அதெல்லாம் இங்க பேசறதில்லீங்க. இது வெல்னஸ் சென்டர்.”

அவர் தலைக்கு மேலே சுவரில், ஓர் ஆண் குதிரையோடு ஓடும் படம் ஆளுயரத்துக்கு மாட்டியிருந்தது. அந்தக் குதிரைக்கு என்ன பொருள் என்பது அங்கிருந்த பெண்களுக்கும் தெரியும், எனக்கும் தெரியும். அதை மாட்டுவதற்கு வெட்கமில்லை. மூத்திரம் என்ற சொல்லுக்குத்தான் வெட்கம். அந்த வெட்கத்தைத் துடைக்க வேண்டிய இடம், அதையே மூலதனமாகப் போட்டுக் கடை நடத்துகிறது. வெளிப்படையாகப் பேசினால் வருகிறவன் அரசு மருத்துவமனைக்குப் போய்விடுவானே.

இதை நான் மேலாளரிடம் சொல்லி முடிப்பதற்குள் என் கைபேசி ஒலித்தது. நண்பரின் மனைவி.

“அண்ணா, ஜல்தி வாங்கணா. காலைலேர்ந்து ஒரு சொட்டுகூட போவலியாம். அடிவயிறு கல்லாட்டம் இருக்குது. தறிய வுட்டு எழுந்துக்க மாட்டேங்கறாரு. புள்ளங்க சொன்னாலும் கேக்கல.”

ஆட்டோ பிடித்து முள்ளிப்பட்டுக்குப் போனேன். தறியில் அம்பாளின் பட்டு, இலைப்பச்சை உடலும் அரக்குக் கரையுமாக விரிந்து கிடந்தது. முந்தானையில் ஒரு சாண் அளவுதான் பாக்கி. நண்பர் குழிக்குள் குனிந்து உட்கார்ந்திருந்தார். வேட்டியில் ஈரம், வியர்வை. தலை இன்னும் காலைக் குளியலில் உலராமல் இருந்தது என்று முதலில் எண்ணினேன். அதுவும் வியர்வைதான். பக்கத்தில் மூலிகைத் தண்ணீர்ச் சொம்பு காலியாக இருந்தது. வெளியேற வழியில்லாத உடம்புக்குள் அதையும் ஊற்றியிருக்கிறார்.

“எழுந்திருபா,” என்றேன்.

“ஒரு சாண்தான். முடிச்சிட்டு வர்றேன்.”

“ஒரு சாண் முடிக்கிறதுக்குள்ள நீ முடிஞ்சிடுவ.”

அவர் என்னை நிமிர்ந்து பார்த்தார். இத்தனை நாளும் பேசாமல் வைத்திருந்த கேள்வி அப்போதுதான் வெளியே வந்தது. “ஆஸ்பத்திரிக்குப் போய் எவனோ எங்கெங்கயோ தொட்டு, டியூப்பு போட்டு, அப்பறம் வந்து இதுல கைய வெச்சா, இது அம்பாளுக்கு ஆவுமா? நீ படிச்சவன். சொல்லு.”

“நான் படிச்ச பாட்டுல எதுலயும், மூத்திரத்த அடக்கிகினு எனக்குப் பட்டு நெய்யினு அம்பாளு சொல்லல,” என்றேன். கத்தினேன் என்றுதான் சொல்ல வேண்டும். பக்கத்து வீட்டுத் தறிச் சத்தம் நின்றது.

அவர் அசையவில்லை. நான் படித்ததெல்லாம் அந்த இடத்தில் பயன்படவில்லை. பயன்பட்டது அவர் மனைவி சொன்னதுதான். அவர் குழி ஓரத்தில் மண்டியிட்டுக் கணவரின் கையிலிருந்த, ஊடை நூல் ஓட்டும் நாடாவை மெல்ல விடுவித்தார்.

“அவளும் பெத்தவதான. புள்ளைக்கு மூத்திரம் வரும்னு அவளுக்குத் தெரியாதா? வாங்க.”

நண்பர் எழுந்தார். நானும் அவர் மகனும் இரு பக்கமும் தாங்கி வெளியே கொண்டுவந்தோம். அடுப்பங்கரை வாசலில் நின்ற மருமகள்தான் ஆட்டோவின் இருக்கையில் பழம்போர்வையை மடித்துப் போட்டு, அவர் வேட்டியைச் சரிசெய்து ஏற்றிவிட்டவள். அவள் முகத்தில் அருவருப்பு ஒன்றும் இல்லை. யாருக்கு அஞ்சி இவ்வளவு நாள் பாட்டிலை ஒளித்தாரோ அவள்.

அரசு மருத்துவமனையில் பணியில் இருந்தவர் இளம்பெண் மருத்துவர். நண்பர் சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டு, “வேற டாக்டர் இல்லியா?” என்று என்னிடம் முனகினார். அது அந்த அம்மையார் காதில் விழுந்தது.

“ஆம்பள டாக்டர் மத்தியானம் வருவாருங்க ஐயா. அதுவரைக்கும் உங்க கிட்னி வெயிட் பண்ணுமான்னு கேட்டுப் பாருங்க.”

பிறகு திரை இழுத்து, குழாய் செலுத்தினார்கள். வெளியே நின்றிருந்த எனக்கு ஒரு நீண்ட மூச்சும், அதைத் தொடர்ந்து ‘சிவசிவ’ என்ற சொல்லும் கேட்டன. உள்ளே போனபோது பை நிறைந்துகொண்டே இருந்தது. ஓர் உடம்புக்குள் இவ்வளவு நீர் எங்கே இருந்தது என்று திகைத்தேன். அதில் இரத்தச் சாயல் இருந்தது.

புராஸ்டேட் சுரப்பி வீங்கி வழியை அடைத்திருக்கிறது, நெடுநாளாகத் தேங்கிய நீர் பின்னோக்கி அழுத்திச் சிறுநீரகங்களைக் கெடுத்திருக்கிறது என்று மருத்துவர் விளக்கினார். எத்தனை நாளாக என்று கேட்டதற்கு, “சூடுனு நெனச்சேம்மா,” என்றார் நண்பர்.

“ஆரணில எல்லாமே சூடுதான்.” நண்பரின் மகன் கொண்டுவந்திருந்த பொடி டப்பாவைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டுக் கீழே வைத்தார் மருத்துவர். “இதுல இன்னா கலந்திருக்குதுனு எனக்குத் தெரியாது. வித்தவங்களுக்கும் தெரியாது. மொதல்லயே இங்க வந்திருந்தா மாத்திரையிலயே பாத்திருக்கலாம்.”

மாத்திரை. அந்தச் சொல்லை நான் இன்னும் ஜீரணிக்கவில்லை. இது ஒளித்து வைக்க வேண்டிய அதிசய வியாதி அல்ல. வயதான ஆண்களில் எத்தனையோ பேருக்கு வருவது. கேட்டால் மருந்து உண்டு. கேட்கத்தான் வாய் இல்லை. அந்த வாயைத் திறக்க வைக்க வேண்டிய ஊர், வாசர் போயிடுச்சா என்று கேட்டுச் சிரித்தது. மூடிய வாயின்மேல் ஒருவன் வந்து என் பாட்டை ஒட்டிவிட்டுப் போனான்.

வேலூருக்கு அனுப்பினார்கள். ஒரு சிறுநீரகம் இனித் தேறாது என்று அங்கே சொல்லிவிட்டார்கள். மற்றொன்று சற்றுத் தெளிந்த பிறகே அறுவை சிகிச்சை. அதுவரை குழாயும் பையும் உடம்போடு இருக்க வேண்டும். நண்பர் வீடு திரும்பினார். சில நாள் கழித்து, பையைத் தறிக்குழியின் பக்கத்தில் ஓர் ஆணியில் மாட்டிவிட்டு, எஞ்சிய ஒரு சாணை நெய்து முடித்தார். காலையில் குளித்தார். நடுவில் குளிக்கவில்லை. எழவே தேவையிருக்கவில்லை என்று அவரே என்னிடம் சொல்லிச் சிரித்தார்.

மளிகைக்காரர்தான் மண்டபத்தில் அந்தப் பேச்சை இழுத்தார். “டியூப்போட நெய்ஞ்சதாமே. சாத்தலாமா?”

“நீ தெனம் மூத்திரம் பேஞ்சிட்டுதான கல்கண்டு நிறுத்துக் குடுக்கற,” என்றேன். “அது நைவேத்தியத்துக்குப் போவலியா?” அதன்பின் யாரும் கேட்கவில்லை. பட்டை நானே தட்டில் ஏந்திக் கொண்டுபோய் அர்ச்சகரிடம் கொடுத்தேன்.

ஒலிபெருக்கியைப் பற்றிக் காவல் நிலையத்திலும் சொல்லிப் பார்த்தேன். சாமி பாட்டுதானே, நல்லதுதானே ஐயா என்றார்கள். மையத்தில் கூட்டம் குறையவில்லை. என் நண்பரின் கதை ஊருக்குத் தெரிந்த பிறகும் போகிறார்கள். அந்த நாற்காலியில் முதுகைப் பிசையக் கொடுத்துவிட்டு, சொல்ல வந்ததைச் சொல்லாமலே பொடியோடு திரும்புகிறார்கள்.

நவராத்திரியில் ஒரு மாலை. அம்பாள் இலைப்பச்சைப் பட்டில் இருந்தாள். நண்பர் பழையபடி என் வலப்பக்கம் அமர்ந்திருந்தார். வேட்டி மடிப்புக்குள் பை. அந்தப் பதிகத்தையே எடுத்தோம். மூன்றாம் பாட்டில் இருந்தபோது மதிலுக்கு வெளியே ஆட்டோ வந்தது. உள்ளே நான் மூன்றாம் பாட்டிலும் வெளியே முதல் பாட்டிலுமாக இருந்தேன்.

“தோ, நீ வெளிலயும் பாடிகினு போற,” என்றார் நண்பர். பிறகு தூணைப் பிடித்துக்கொண்டு எழுந்தார். பதிகத்தின் நடுவில் அந்த மண்டபத்தில் யாரும் எழுந்து நான் பார்த்ததில்லை. “பை ரொம்பிடுச்சி. கொட்டிட்டு வர்றேன்,” என்று எல்லோருக்கும் கேட்கும்படி சொன்னார். “உங்கள்ல யாருக்காச்சும் பேஜாரா இருந்தா சொல்லுங்கபா. அந்த டாக்டரம்மாகிட்ட நானே இட்டுகினு போறேன். நல்லா திட்டும். ஆனா பாக்கும்.”

யாரும் யாரையும் பார்க்கவில்லை. நண்பர் படியிறங்கிப் போனார். சற்றுப் பொறுத்து மளிகைக்காரர் எழுந்தார். தோளில் கிடந்த துண்டை எடுத்துக் கையில் பிடித்துக்கொண்டு, நண்பர் போன திசையிலேயே நடந்தார்.

நான் கைத்தாளத்தைத் தரையில் வைத்தேன். பதிகம் நடுவில் நின்றது. வெளியே ஒலிபெருக்கி ஆண்களே என்று அழைத்துக்கொண்டிருந்தது. அவர்கள் இருவரும் திரும்பி வரும்வரை நாங்கள் காத்திருந்தோம்.